இல்ஃபோர்டின் வாத்தியார்: ஜோசப் டைன்ஸும் ‘அமெச்சூர்’ என்ற சொல்லும்

1918 செப்டம்பர் 27. வடக்கு பிரான்சில் கனால் து நோர் கால்வாயைக் கடந்து பிரிட்டிஷ் படைகள் பெருந்தாக்குதலைத் தொடங்கிய முதல் நாள். அன்று கிங்ஸ் லிவர்பூல் ரெஜிமென்ட்டின் 13ஆம் பட்டாலியனைச் சேர்ந்த இரண்டாம் லெப்டினன்ட் ஜோசப் டைன்ஸ் எந்திரத் துப்பாக்கிச் சூட்டில் இறந்தார். வயது 32. போர்முனைக்கு வந்து பதினொரு நாள்தான் ஆகியிருந்தது. போர் ஓய இன்னும் 45 நாள் இருந்தது. ஆறு ஆண்டுகளுக்கு முன் இதே மனிதர் ஸ்டாக்ஹோம் ஒலிம்பிக்கில் பிரிட்டன் கால்பந்து அணியின் லெஃப்ட் ஹாஃபாக மூன்று ஆட்டங்களிலும் ஆடித் தங்கப் பதக்கம் வென்றவர். ஆட்டத்துக்காக ஒரு காசு வாங்காதவர் என்பதால் வரலாறு அவரை ‘அமெச்சூர்’ என்று குறித்துவைத்திருக்கிறது. பதக்கத்தையும் மரணத்தையும் அந்த ஒரு சொல்லால் முடிச்சுப்போடுவது எளிது. மைதானத்தில் பணம் கேட்காதவன் போர்க்களத்தில் உயிரையும் கணக்குப் பார்க்காமல் கொடுத்தான் என்று கதை தானாகவே அமைந்துவிடும். எனக்கு அந்தக் கதையில் நம்பிக்கை இல்லை. டைன்ஸின் வாழ்க்கையைப் பற்றி உறுதியாகக் கிடைக்கும் செய்திகளை அடுக்கிப் பார்த்தால், அவரை விளக்கும் சொல் வேறொன்று என்று தெரிகிறது. அவர் பள்ளி ஆசிரியர். அமெச்சூராக ஆட அவருக்கு வழிசெய்ததும், பின்னாளில் அவர் தோளில் அதிகாரியின் நட்சத்திரம் ஏறக் காரணமாக இருந்ததும் அந்த வேலைதான்.

முதலில் அந்தச் சொல். தமிழில் ‘அமெச்சூர்த்தனம்’ என்றால் இன்று கைதேராத வேலை என்று பொருள். ஆனால் சபா நாடகம் பார்த்து வளர்ந்தவர்களுக்கு இன்னொரு பொருளும் தெரியும். 1891இல் பம்மல் சம்பந்த முதலியார் சென்னையில் சுகுண விலாச சபையைத் தொடங்கியபோது, வக்கீல்களும் உத்தியோகஸ்தர்களும் மேடையேறியதே நாடகத்துக்கு ஒரு மரியாதையைத் தேடித் தந்தது. நடிப்பையே பிழைப்பாகக் கொண்டவர்களைக் கூத்தாடி என்று ஒதுக்கிய அதே ஊர், மாலையில் அரிதாரம் பூசிய வக்கீலைக் கலைஞர் என்றது. இங்கிலாந்துக் கால்பந்திலும் ஏறக்குறைய இதுதான் நடந்தது. 1885இல் கால்பந்துச் சங்கம் தொழில்முறை ஆட்டத்தைச் சட்டபூர்வமாக்கிய பிறகு, சம்பளம் வாங்குபவன் தொழிலாளி, வாங்காதவன் கனவான் என்ற பிரிவினை இறுகியது. அந்தக் கனவானின் முழு உருவம் கொரிந்தியன் கிளப். 1882இல் தொடங்கியது, பெரும்பாலும் உயர்தட்டுப் பள்ளிகளிலும் ஆக்ஸ்ஃபோர்ட், கேம்பிரிட்ஜிலும் படித்தவர்களைக் கொண்டது. பெனால்ட்டி கிடைத்தால் அதைக் கோலாக்குவதே கௌரவக் குறைவு என்று அவர்கள் நினைத்ததாக ஒரு கதை உண்டு. 1914 ஆகஸ்டில் பிரேசிலுக்குக் கப்பலேறிய இவர்கள், வழியில் போர்ச் செய்தி கேட்டுத் திரும்பி வந்தார்கள். அவர்களில் பலர் மடிந்தார்கள். சார்ட்டர்ஹவுஸ் பள்ளியில் படித்த கோல்கீப்பர் தாமஸ் ரோலண்ட்சன் 1916 செப்டம்பரில் சோம் போரில் இறந்தது இந்த உருவத்துக்கு அப்படியே பொருந்தும். டைன்ஸையும் இதே சட்டகத்தில் மாட்டிவிடுகிறோம் என்பதுதான் சிக்கல்.

டைன்ஸ் 1886 ஏப்ரலில் நார்ஃபோக் மாவட்டத்தின் கிங்ஸ் லின் என்ற துறைமுக ஊரில் பிறந்தவர். கொரிந்தியன்களின் உலகத்துக்கும் இந்த ஊருக்கும் வெகு தூரம். ஆசிரியராகி லண்டனுக்குக் கிழக்கே இல்ஃபோர்டுக்கு வந்து அந்த ஊர் கிளப்பில் ஆடினார். இங்கே கவனிக்க வேண்டியது அவர் ஆடிய கிளப்புகளின் பட்டியல். இல்ஃபோர்ட் அவருடைய நிலையான வீடு. ஆனால் நடுவில் மில்வாலுக்கு ஆடுகிறார். 1912 செப்டம்பரில் லிவர்பூல் சட்டை அணிந்து செல்சிக்கு எதிராக முதல் டிவிஷனில் ஒரே ஒரு ஆட்டம் ஆடுகிறார். ஒரு தொழில்முறை ஆட்டக்காரரால் இப்படி ஆட முடியாது. 1890களிலிருந்து லீக் கிளப்புகள் ஒரு ஆட்டக்காரரைப் பதிவுசெய்துவிட்டால், அவர்கள் விடுவிக்கும்வரை அவர் வேறெங்கும் போக முடியாதபடி கட்டிவைத்திருந்தன. அமெச்சூர் மேல் அந்தக் கயிறு விழவில்லை. பட்டியலில் தெரிவது லட்சியவாதமாகவும் இருக்கலாம். எனக்கு அதில் முதலில் தெரிவது சுதந்திரம். வாரச் சம்பளத்துக்கு ஆட்டத்தை நம்பாதவனுக்குக் கிடைத்த, நடைமுறைக்கு உதவிய சுதந்திரம்.

அந்தச் சுதந்திரத்துக்கு வேறு யாரோ சம்பளம் கொடுக்க வேண்டும், சனிக்கிழமையையும் விட்டுத்தர வேண்டும். ஆலைத் தொழிலாளிக்குச் சனிக்கிழமை அரைநாள் வேலை. மதியம் சங்கு ஊதியதும் ஓடினால் உள்ளூர் மைதானத்தை எட்டலாம், அடுத்த மாவட்டத்தை எட்ட முடியாது. ஆரம்பப் பள்ளி ஆசிரியருக்கு வெள்ளிக்கிழமை மணி அடித்ததும் வாரம் முடிந்தது. காலையிலேயே ரயிலேறலாம். 1905இல் லண்டனில் இஸ்த்மியன் லீக் என்ற அமெச்சூர் போட்டி தொடங்கியபோது இல்ஃபோர்ட் அதன் நிறுவன உறுப்பினர். வெற்றிக்குக் கோப்பையோ பதக்கமோ கிடையாது, கௌரவமே போதும் என்பது அதன் கொள்கை. அதன் ஆறு நிறுவன அணிகளில் ஒன்றின் பெயரே ‘சிவில் சர்வீஸ்’. மாதச் சம்பளமும் நிச்சயமான ஓய்வுநாளும் உள்ளவர்களின் உலகம் அது. கௌரவம் போதும் என்று சொல்ல முடிந்தவர்களுக்குச் சோறு வேறிடத்திலிருந்து வந்துகொண்டிருந்தது.

இதற்கு உடனே ஒரு மறுப்பு வரும். டர்ஹாம் நிலக்கரிச் சுரங்க வட்டாரத்து பிஷப் ஆக்லண்ட் 1896இலும் 1900இலும் அமெச்சூர் கோப்பையை வென்றதே; அந்தப் பக்கத்து அணிகளில் கைத்தொழிலாளிகளும் சுரங்கத் தொழிலாளிகளும் ஆடினார்களே; அப்படியிருக்க, அமெச்சூர் ஆட்டத்தைச் சம்பளக்கார வர்க்கத்தின் ஆட்டம் என்று எப்படிச் சொல்ல முடியும்? உண்மைதான். நான் சொல்வதும் அதற்கு எதிரானதில்லை. அமெச்சூர் என்பது ஒரு வர்க்கத்தின் பெயராக இருந்ததில்லை. கனவானும் கரி வெட்டுபவனும் ஆசிரியனும் ஒரே பதிவேட்டில் இருந்தார்கள். ஆனால் சனிக்கிழமை மதிய ஆட்டத்தோடு நிற்காமல் தேசிய அமெச்சூர் அணிக்குப் போய்க் கடல் கடந்து வாரக்கணக்கில் ஆட வேண்டுமானால், திரும்பி வரும்போது வேலை அதே இடத்தில் இருக்க வேண்டும். 1906இல் தொடங்கிய இங்கிலாந்து அமெச்சூர் தேசிய அணிக்கு டைன்ஸ் இருபதுக்கும் மேற்பட்ட முறை ஆடினார். நாள்கூலி இழந்து யாரும் இருபது முறை நாட்டுக்காக ஆட முடியாது. இழந்த கூலியை ஈடுசெய்வதே அமெச்சூர் விதிகளில் பெரிய சண்டைக்குரிய விஷயமாக இருந்தது.

ஸ்டாக்ஹோம் அணியையே எடுத்துக்கொள்ளலாம். 1912 ஜூன் 30, ஜூலை 2, ஜூலை 4 என ஐந்து நாளில் மூன்று ஆட்டங்கள். ஹங்கேரியை 7–0, ஃபின்லாந்தை 4–0, இறுதியில் டென்மார்க்கை 4–2. இறுதி ஆட்டத்தில் டென்மார்க்கின் சார்ல்ஸ் புக்வால்ட் காயம்பட்டு வெளியேற, மாற்று ஆட்டக்காரரை இறக்க விதி இல்லாத காலமாகையால் டேனிஷ் அணி பத்துப் பேரோடு போராடியது. அந்த டேன்களை எளிதாக எடுத்துக்கொள்ள முடியாது. இரண்டு ஆண்டுகளுக்கு முன் கோபன்ஹேகனில் இங்கிலாந்து அமெச்சூர் அணியைத் தோற்கடித்தவர்கள். அவர்களுடைய நில்ஸ் மிடில்போ ஸ்டாக்ஹோமுக்கு மறு ஆண்டே செல்சியில் அமெச்சூராகச் சேர்ந்தார். பிரிட்டன் தரப்பில் யார் யார் ஆடினார்கள் என்பது இன்னும் சுவையானது. கேப்டன் விவியன் வுட்வர்ட் கட்டடக்கலைஞர். கோல்கீப்பர் ரொனால்ட் பிரெப்னர் பல் மருத்துவர். ஆர்தர் பெர்ரி ஆக்ஸ்ஃபோர்டில் படித்த வழக்கறிஞர். இவான் ஷார்ப் பத்திரிகைக்காரர். முன்கள ஆட்டக்காரர் ஹரால்ட் வால்டன் நம் அம்பாலாவில் பிறந்தவர். படைவீரர், பிற்காலத்தில் மியூசிக் ஹால் மேடைகளில் நகைச்சுவை செய்து பிழைத்தார். இவர்களோடு ஆசிரியர் டைன்ஸ். ‘கனவான் அணி’ என்ற பொதுப்பெயரில் இவர்களை அடக்கலாம்தான். ஆனால் அருகில் போய்ப் பார்த்தால், நாள் கணக்கை ஓரளவு தன் கையில் வைத்திருந்த தொழில்கள் பல இதில் இருப்பது தெரியும். இந்த அணியில் போர் தொடங்கியபின் முதலில் இறந்தவர் பிரெப்னர், 1914 நவம்பரில். அவரைக் கொன்றது போர் இல்லை. கால்பந்து ஆட்டத்தில் பட்ட காயம். அமெச்சூர் மரணத்தைப் பற்றிய கதைகள் வசதியாக மறந்துவிடுகிற மரணம் அது.

முதல் டிவிஷன் ஆட்டத்துக்குத் தகுதியான ஒருவர் ஏன் சம்பளத்துக்கு மாறவில்லை? கொள்கை என்பது ஒரு பதில். அதை நான் மறுக்கவில்லை. மனத்துக்குள் இருந்ததை ஆவணம் சொல்லாது. ஆனால் கொள்கையைக் கூப்பிடுவதற்கு முன் கணக்கைப் பார்க்க வேண்டும். 1901 முதல் லீக் ஆட்டக்காரரின் உச்சவரம்புச் சம்பளம் வாரத்துக்கு 4 பவுண்டு. 1910க்குப் பின் நீண்ட நாள் ஆடியவர்களுக்கு 5 பவுண்டு வரை. உச்சவரம்பை எட்டியவர்கள் சிலரே, முப்பது வயதைத் தாண்டினால் அதுவும் இல்லை. ஆசிரியர் வேலையோ 1898 சட்டத்துக்குப் பின் ஓய்வூதியம் உள்ள வேலை. இந்தக் கணக்கை வேறு விதமாகப் போட்ட இரண்டு ஆசிரியர்கள் இருந்தார்கள். ஈவ்லின் லின்டாட் எக்ஸெட்டரில் ஆசிரியர் பயிற்சி பெற்றவர். குயின்ஸ் பார்க் ரேஞ்சர்ஸுக்கு அமெச்சூராக ஆடியே இங்கிலாந்தின் முழு அணிக்குப் போனார். 1908 நவம்பரில் பிராட்ஃபோர்ட் சிட்டியில் சம்பளத்துக்குச் சேர்ந்தார், அங்கும் பள்ளியில் பாடம் நடத்திக்கொண்டிருந்தார், தொழில்முறை ஆட்டக்காரர் சங்கத்தின் தலைமைப் பொறுப்பிலும் இருந்தார். ஹாரோகேட்டைச் சேர்ந்த டொனால்ட் பெல் ஸ்டார்பெக்கில் ஆசிரியர். ஆசிரியர் சம்பளம் போதாமல் 1912இல் பிராட்ஃபோர்ட் பார்க் அவென்யூவில் வாரம் இரண்டரை பவுண்டுக்கு ஒப்பந்தம் போட்டார். டைன்ஸும் லின்டாட்டும் பெல்லும் ஒரே தொழிலிலிருந்து வந்தவர்கள், ஒரே ஆட்டத்தை ஆடியவர்கள். இரண்டு பேர் பணம் வாங்கினார்கள், ஒருவர் வாங்கவில்லை. இவர்களுக்குள் ஒழுக்க ஏணி எதையாவது சாத்திவைத்து டைன்ஸை மேல்படியில் ஏற்ற எந்தச் சான்றும் இல்லை.

ஆனால் 1914இன் இங்கிலாந்து அப்படித்தான் ஏணி வைத்தது. போர் தொடங்கியதும் ரக்பி யூனியன் போட்டிகள் நின்றன. கால்பந்து லீக் நிற்கவில்லை. ஒப்பந்தங்களைச் சுட்டிக்காட்டி 1915 வசந்தம்வரை ஆடித் தீர்த்தார்கள். அக்டோபரில் ‘பஞ்ச்’ வார இதழ் ஒரு கேலிச்சித்திரம் போட்டது. ஆட்டக்காரன் ஒருவனிடம் திருவாளர் பஞ்ச், பணம் கிடைக்கும் களத்தையும் பெருமை கிடைக்கும் களத்தையும் பிரித்துக் காட்டுவார். வசையின் கூர்முனை சம்பளத்தில்தான் குத்தியது. டிசம்பர் 15 அன்று ஃபுல்ஹாம் நகர மண்டபத்தில் கால்பந்து ஆட்டக்காரர்களுக்கென்றே மிடில்செக்ஸ் ரெஜிமென்ட்டின் 17ஆம் பட்டாலியன் உருவானதற்கு இந்த வசையும் ஒரு காரணம். இந்தப் பின்னணியில் நம் மூன்று ஆசிரியர்களின் தேதிகளை வைத்துப் பார்க்கலாம். சம்பளம் வாங்கிய லின்டாட் 1914 செப்டம்பரிலேயே லீட்ஸ் நகரத் தொண்டர் பட்டாலியனில் சேர்ந்தார். சம்பளம் வாங்கிய பெல் நவம்பரில் தன் கிளப்பிடம் விடுதலை கேட்டு வாங்கிப் படையில் சேர்ந்தார். சம்பளம் வாங்காத டைன்ஸ் சேர்ந்தது 1915 நவம்பரில், 29ஆம் வயதில். போய்ச் சேர்ந்த இடமும் தளவாடக் கிடங்குகளைக் கவனிக்கும் ஆர்டினன்ஸ் படைப்பிரிவு. அது டெர்பி பிரபுவின் பதிவுத் திட்டம் நடந்துகொண்டிருந்த மாதம். கட்டாயப் படைச் சேர்ப்பு வரப்போகிறது என்பது எல்லோருக்கும் தெரிந்துவிட்ட மாதம்.

இதைக் கோழைத்தனம் என்று படிப்பவர்கள் உண்டானால் அவர்களும் ‘பஞ்ச்’ இதழின் கண்ணாடியைத்தான் போட்டிருக்கிறார்கள். 1916 ஜனவரியில் கட்டாயச் சட்டம் வரும்வரை ஏறத்தாழ 25 லட்சம் பேர் தாங்களாகப் படையில் சேர்ந்தார்கள்; அந்தப் பதினேழு மாதங்களில் யார் எப்போது சேர்ந்தார்கள் என்பதை வயது, குடும்பம், வேலை, முதலாளியின் சம்மதம் என்று பலவும் தீர்மானித்தன. நான் சொல்ல வருவது சிறியது, ஆனால் அழுத்தமானது. அமெச்சூர் மனம் தானாகவே தியாகத்துக்கு முந்தும் என்ற கோட்பாடு இந்த மூன்று தேதிகளில் உடைகிறது. டைன்ஸின் போர், இங்கிலாந்தின் லட்சக்கணக்கான நடுத்தர ஆண்களின் போரைப் போலவே, தயக்கமும் அலுவலகக் காகிதங்களும் பிரிவு மாற்றங்களும் நிறைந்தது. சேர்ந்த நாளுக்கும் போர்முனையில் கால்வைத்த நாளுக்கும் நடுவே மூன்று ஆண்டுகளுக்குச் சற்றுக் குறைவு. வீரகாவியம் இந்த மூன்று ஆண்டுகளைத் தாவிவிடும். எனக்கோ அந்தப் பதினொரு நாளைவிட இந்த ஆண்டுகள்தான் அவரைக் காட்டுகின்றன.

படைவீரராகச் சேர்ந்தவர் அதிகாரியானது எப்படி? போருக்கு முன் பிரிட்டிஷ் ராணுவத்தில் ஏறத்தாழ 12,700 நிரந்தர அதிகாரிகள். பெரும்பாலும் உயர்தட்டுப் பள்ளிகளின் பிள்ளைகள். போர் அவர்களைத் தின்றுதீர்க்க, நான்கே ஆண்டில் இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட புதிய அதிகாரிகள் தேவைப்பட்டார்கள். 1916 பிப்ரவரி முதல், படைவீரர்களிலிருந்து பொறுக்கியெடுத்தவர்களை அதிகாரிப் பயிற்சிப் பட்டாலியன்களில் நான்கு மாதம் வைத்துத் தயாரித்து அனுப்பினார்கள். பழைய வர்க்கம் இவர்களை ‘தற்காலிகக் கனவான்கள்’ என்று உதட்டைச் சுழித்துச் சொன்னது. போர் முடிந்ததும் கனவான் பட்டத்தைத் திருப்பிக் கொடுத்துவிட வேண்டும் என்ற ஏளனம் அதற்குள் இருந்தது. இந்தத் தேர்வில் ஆசிரியனுக்கு இயல்பாகவே ஒரு முன்னுரிமை. எழுதத் தெரிந்தவன், கூட்டத்தை அடக்கத் தெரிந்தவன், திருத்தமாகப் பேசுபவன், சான்றிதழ் உள்ளவன். லின்டாட் லெப்டினன்ட் ஆகி 1916 ஜூலை 1 அன்று செர் கிராமத்தின் முன்னால் இறந்தார். பெல் 1915இல் அதிகாரியானார். 1916 ஜூலை 5 அன்று எந்திரத் துப்பாக்கி நிலை ஒன்றை வெடிகுண்டு வீசி அழித்ததற்காக அவருக்கு விக்டோரியா கிராஸ் வழங்கப்பட்டது, ஆனால் அதற்குள் ஜூலை 10 அன்றே கோன்டல்மேசோனில் இறந்துவிட்டார். இருவரும் சம்பள ஆட்டக்காரர்கள், இருவரும் அதிகாரிகள். ஆட்டத்தில் பணம் வாங்கியது அதிகாரி ஆவதைத் தடுக்கவில்லை என்றால், டைன்ஸ் அதிகாரியானதற்கு அவர் பணம் வாங்காததைக் காரணமாகக் காட்ட முடியாது. மூவருக்கும் பொதுவாக மிஞ்சுவது கரும்பலகைதான்.

வால்டர் டல்லை வைத்து இதை மறுக்கலாம். மறுப்புகளில் கனமானது இதுதான். அநாதை இல்லத்தில் வளர்ந்த கறுப்பினத்தவர். 1909இல் கிளாப்டனோடு அமெச்சூர் கோப்பையை வென்று, பிறகு டாட்டன்ஹாமிலும் நார்தாம்ப்டனிலும் சம்பளத்துக்கு ஆடியவர். ஆசிரியர் இல்லை. வெள்ளையரல்லாதாருக்கு அதிகாரி பதவியை மறுத்த ராணுவ விதிகளையும் மீறி 1917 மேயில் இரண்டாம் லெப்டினன்ட் ஆனார்; 1918 மார்ச் 25 அன்று இறந்தார். அப்படியானால் சான்றிதழுக்கு என்ன வேலை? டல் ஏறிய படிகளைப் பார்க்க வேண்டும். கால்பந்துப் பட்டாலியனில் 1914 டிசம்பரிலேயே சேர்ந்து, சார்ஜென்ட் ஆகி, சோம் போரைக் கண்டு, மேலதிகாரிகளின் பரிந்துரையோடு அந்தப் படியை எட்டினார். போர்க்களத்தில் தன்னைக் காட்டித்தான் அவர் ஏற வேண்டியிருந்தது. டைன்ஸ் அதிகாரியான பிறகுதான் 1918 செப்டம்பரில் போர்முனைக்குப் போகிறார். லின்டாட்டும் பெல்லும் பிரான்சுக்குப் போகுமுன்பே அதிகாரிகள். ஒருவருக்கு அனுபவம் கதவைத் திறந்தது, மற்றவர்களுக்குக் கதவு முன்பே திறந்திருந்தது. டல்லின் வாழ்க்கை என் வாதத்தைப் பலவீனப்படுத்தவில்லை, அதற்கு எல்லை வகுக்கிறது: ஆசிரியர் வேலை ஒரே வழி இல்லை, சுருக்கு வழி. மூன்று நான்கு வாழ்க்கைகளை வைத்து ஒரு நாட்டையே அளக்க முடியுமா என்று கேட்டால், முடியாது. நான் எண்ணிக்கையை நிறுவ வரவில்லை; ஒரு காரணம் எப்படி வேலைசெய்தது என்பதைக் காட்டுகிறேன். அதற்கு, ஒரே தொழிலும் வெவ்வேறு ஆட்டநிலையும் கொண்ட மூன்று பேரை ஒப்பிட்டால் போதும்.

நினைவு இந்தக் காரணத்தைக் கண்டுகொள்வதில்லை. பெல்லின் விக்டோரியா கிராஸ் 2010இல் ஏலத்துக்கு வந்தபோது தொழில்முறை ஆட்டக்காரர் சங்கம் அதை வாங்கிக்கொண்டது. ஒரு காலத்தில் வசைக்குள்ளான சம்பளக்காரர்கள் தங்களில் ஒருவரை மீட்டெடுத்த செயல் என்று அதைப் புரிந்துகொள்கிறேன், நியாயமான செயல்தான். ஆனால் அங்கேயும் பெல்லின் மேல் ஒட்டப்பட்டது ஆட்டநிலையின் சீட்டுத்தான்: அவர் தொழில்முறை, டைன்ஸ் அமெச்சூர். பள்ளிக்கூடம் இரண்டு கதைகளிலும் அடிக்குறிப்பு.

ஹவ்ரின்கூர் அருகே கிராண்ட் ரவீன் கல்லறையில் டைன்ஸ் புதைக்கப்பட்டிருக்கிறார். 1974இல் இங்கிலாந்துக் கால்பந்துச் சங்கம் அமெச்சூர், தொழில்முறை என்ற பிரிவையே பதிவேட்டிலிருந்து நீக்கியது. சம்பளம் வாங்கினாலும் வாங்காவிட்டாலும் எல்லோரும் ஆட்டக்காரர்கள் என்றானது. அந்த ஆண்டு ஏப்ரலில் வெம்பிளியில் நடந்ததுதான் அமெச்சூர் கோப்பையின் கடைசி இறுதி ஆட்டம். பிஷப்ஸ் ஸ்டார்ட்ஃபோர்ட் 4–1 என்று வென்றது. தோற்ற அணி இல்ஃபோர்ட்.